அளவுகோல் யார் கையில்?

செந்தூல் இரயில்வே பணிமனையை நம்பி வாழ்ந்த குடும்பங்களிலும், பிரிக்பீல்ட்ஸ், கிள்ளான் வட்டாரத்துத் தமிழர் இல்லங்களிலும், தமிழகத்துப் பல்கலைக்கழகம் ஒன்றின் பட்டச் சான்றிதழ் கண்ணாடிச் சட்டத்தினுள் சுவரை அலங்கரிப்பது புதுமையன்று. ‘ரஜூலா’ கப்பலேறிச் சென்னைக்குச் சென்று கற்றோர் உண்டு. பகலெல்லாம் வேலை பார்த்துவிட்டு, இரவில் அஞ்சல்வழிப் பாடங்களைப் புரட்டியோரும் உண்டு. அந்தத் தாளைப் பெற்றவர் ஒரு கல்லூரியிலோ பல்கலைக்கழகத்திலோ மாணவர்முன் நின்று கற்பிக்க உரிமை உடையவர்தாமா என்னும் வினா, மேலோட்டமாகப் பார்ப்போருக்கு எளிய வினாவாகத் தோன்றும். ஆனால், தமிழகத்திலும் பிற இந்திய மாநிலங்களிலும் அவ்வினா அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கி வந்திருக்கிறது. அந்த வழக்குகளை வரிசையாக நோக்கின், ‘இவர் கற்றவரா?’ என்ற கேள்வியைவிட, ‘இவர் கற்றவர் என்று சொல்லும் அதிகாரம் யாருக்கு உண்டு?’ என்ற கேள்வியே மேலோங்கி நிற்பது புலனாகும்.

இக்கேள்வி எழாத காலம் ஒன்று இருந்தது. கும்பகோணம் அரசினர் கல்லூரியில் தமிழாசிரியராக விளங்கிய தியாகராச செட்டியார் ஓய்வுபெற விழைந்தபோது, தம் இடத்துக்கு உ. வே. சாமிநாதையரைப் பரிந்துரைத்தார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மாணாக்கர் என்பதே ஐயரவர்களுக்கு இருந்த பெருந்தகுதி. பல்கலைக்கழகப் பட்டம் ஏதும் அவரிடம் இல்லை. கல்லூரியில் இருந்தோர் அவரிடம் வினாக்கள் தொடுத்துச் சோதித்தனர், மனநிறைவு கொண்டனர், 1880-ஆம் ஆண்டில் அவர் பணியில் அமர்ந்தார். 1903-இல் சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாறிச் சென்றார். சென்னைப் பல்கலைக்கழகம் அவருக்கு டாக்டர் பட்டம் வழங்கியது 1932-இல்தான். அதாவது, கல்லூரிப் பணியை அவர் முடித்துக்கொண்டு பல்லாண்டுகள் சென்ற பின்னர். சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் 1898-இல் தமிழாசிரியராகச் சேர்ந்த மறைமலை அடிகளும் பட்டதாரி அல்லர். அங்கே தமிழ்த்துறைத் தலைவராக இருந்த பரிதிமாற் கலைஞரின் மதிப்பீடே அவருக்கு நுழைவுச் சீட்டாயிற்று.

அம்முறையைப் பொற்காலம் என்று போற்றிவிடவும் இயலாது. ஆசிரியர் ஒருவர் கைகாட்டினால் வேலை என்றால், கைகாட்டப் பெரியோர் இல்லாத ஏழை மாணவன் எங்கே போவது? குலமும் குடும்பமும் அறிமுகமும் தகுதியின் வேடம் பூண்டு முன்வரிசையில் அமர்வதற்கு அம்முறை இடம் கொடுத்தது. மேலும், பட்டமில்லாப் புலவர்கள் கல்லூரிகளில் மதிக்கப்பட்டனரே அன்றிச் சமமாக நடத்தப்படவில்லை. ஆங்கிலமும் கணிதமும் கற்பித்தவருக்கு ஒரு சம்பளம், தமிழ்ப் பண்டிதருக்கு வேறொரு சம்பளம் என்னும் நிலை நெடுங்காலம் நீடித்தது. பாண்டித்துரைத் தேவர் 1901-இல் மதுரைத் தமிழ்ச் சங்கத்தை நிறுவித் தேர்வுகள் நடத்திப் பட்டங்கள் வழங்கச் செய்ததும், சென்னைப் பல்கலைக்கழகம் வித்துவான் தேர்வை நடத்தியதும் புலமைக்கு ஒரு பொதுச் சான்று வேண்டும் என்ற தேவையை நிறைவு செய்யவே. சான்றிதழ் என்பது ஏழையின் பரிந்துரைக் கடிதம். இதை மறந்துவிட்டுப் பட்டங்களை எள்ளி நகையாடுவோர் உண்மையின் பாதியை மட்டுமே காண்கின்றனர்.

மேலைநாட்டிலும் இதே நிலைதான். மெய்யியல் உலகையே திருப்பிவிட்ட நூலொன்றை எழுதிய விட்கன்ஸ்டைன், 1929-இல் கேம்பிரிட்ஜுக்குத் திரும்பியபோது, முன்னரே அச்சேறிப் புகழ்பெற்றிருந்த அந்நூலையே ஆய்வேடாகக் கொடுத்து டாக்டர் பட்டம் பெற வேண்டியிருந்தது. பேரறிவாளனுக்கும் ஒரு தாள் தேவைப்பட்டது.

மலாயாவில் இவ்வினா வேறோர் உருவில் தோன்றியது. 1949-இல் சிங்கப்பூரில் தொடங்கப்பெற்ற மலாயாப் பல்கலைக்கழகத்தில் இந்திய இயல் துறை அமைக்கும் திட்டம் உருவானபோது, அறிஞர் கே. ஏ. நீலகண்ட சாஸ்திரியிடம் கருத்துக் கேட்கப்பட்டது. அவர் சமஸ்கிருதத்துக்கு முதன்மை இடம் நல்குமாறு பரிந்துரைத்ததும் மலாயாத் தமிழரிடையே பெருங்கிளர்ச்சி எழுந்தது. ‘தமிழ் முரசு’ ஆசிரியர் கோ. சாரங்கபாணி ‘தமிழ் எங்கள் உயிர்’ என்னும் முழக்கத்தோடு நிதி திரட்டினார். தோட்டத்துப் பால்வெட்டுத் தொழிலாளியும் துறைமுகக் கூலியும் தத்தம் சிறு காசை அந்நிதிக்கு ஈந்தனர். 1956-இல் துறை தோன்றியது. தமிழ் அங்கே இடம்பெற்றது. பிறகு துறை கோலாலம்பூருக்கு வந்தது. இது நீதிமன்றம் காணாத வழக்கு. எனினும், ஒரு துறையின் மொழி எதுவென்று முடிவு செய்வோர், அத்துறையில் ஆசிரியராக வரத் தகுதியுடையோர் யார் என்பதையும் முடிவு செய்துவிடுகின்றனர் என்பதை அக்கிளர்ச்சியில் ஈடுபட்டோர் நன்கு உணர்ந்திருந்தனர்.

1961-இல் அத்துறையின் தலைமையை ஏற்ற தனிநாயகம் அடிகளார், இரு உலகங்களின் அளவுகோலுக்கும் நிறைந்தவராய் வந்தவர். உரோமையில் இறையியல் கற்று, அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தமிழில் முதுகலையும் இலக்கிய ஆய்வுப் பட்டமும் பெற்று, இலண்டனில் டாக்டர் பட்டமும் பெற்றிருந்தார். அவர்தம் காலத்தில்தான், 1966-இல், முதல் உலகத் தமிழ் மாநாடு கோலாலம்பூரில் கூடியது. அவருடைய தகுதியைக் குறித்து ஒருவரும் வழக்காட வேண்டிய நிலை எழவில்லை. வழக்குகள் பிறப்பது இத்தகையோரால் அன்று. எல்லைக் கோட்டுக்கு இப்புறமும் அப்புறமும் நிற்கும் எண்ணற்ற நடுத்தர ஆசிரியர்களால்தான்.

அத்தகைய ஒருவரைப் பற்றிய வழக்கே இந்தியாவில் இத்துறையின் தலைவாயிலாகக் கருதப்படுவது. மைசூர்ப் பல்கலைக்கழகம் 1959-இல் சில ஆசிரியப் பதவிகளுக்கு விளம்பரம் செய்தது. முதுகலையில் முதல் வகுப்போ, உயர்ந்த இரண்டாம் வகுப்போ பெற்றிருக்க வேண்டும் என்பது விளம்பரத்தில் கண்ட தகுதிகளுள் ஒன்று. அயல்நாட்டுப் பல்கலைக்கழகத்தின் சமமான பட்டமும் ஏற்கப்படும் என்றிருந்தது. ஆங்கிலத் துறையில் ஆய்வு ரீடராக அண்ணய்ய கௌடா நியமிக்கப்பட்டார். அவர் இந்தியாவில் பெற்ற முதுகலை மதிப்பெண் நூற்றுக்கு 50.2. அதனோடு இங்கிலாந்தின் டர்ஹாம் பல்கலைக்கழகத்து முதுகலைப் பட்டமும் அவரிடம் இருந்தது. கோவிந்த ராவ் என்பவர், ‘எந்த உரிமையால் இவர் இப்பதவியில் அமர்ந்திருக்கிறார்?’ என வினவும் பேராணையை வேண்டி மைசூர் உயர் நீதிமன்றத்தை நாடினார். 50.2 என்பதை உயர்ந்த இரண்டாம் வகுப்பு என்று எவ்வாறு கொள்வது எனக் கேட்ட உயர் நீதிமன்றம், நியமனத்தை நீக்கியது.

பல்கலைக்கழகம் உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. 1963-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் வந்த தீர்ப்பு, பின்னர் எத்தனையோ வழக்குகளில் எடுத்தாளப்பட்டது. அத்தீர்ப்பில் இரு கருத்துகள் முதன்மையானவை. விளம்பரத்தில் கண்ட தகுதிகள் சட்டத்தின் வலிமை பெற்ற விதிகளாக இருந்தால்தான், அவற்றை மீறியதற்காக ஒருவரைப் பதவியிலிருந்து இறக்கும் பேராணை பிறப்பிக்க இயலும் என்பது ஒன்று. டர்ஹாம் பட்டம் உயர்ந்த இரண்டாம் வகுப்புக்குச் சமமா என்பது துறை வல்லுநர்கள் கூடி முடிவு செய்ய வேண்டியது. வல்லுநர் குழுவின்மீது உள்நோக்கம் சாற்றப்படாத நிலையில், நீதிபதிகள் அதில் தலையிடத் தயங்க வேண்டும் என்பது மற்றொன்று. உயர் நீதிமன்றத்தின் முடிவு தள்ளுபடியாயிற்று.

இத்தீர்ப்பைப் படிப்போருக்குச் சிறிது வியப்பும் தோன்றலாம். மதிப்பெண்ணைக் கூட்டிக் கழித்துப் பார்ப்பது எளிது. அதை நீதிமன்றமே செய்திருக்கலாம். ஆனால் 50.2-க்கு அப்பால் ஒரு மனிதரின் புலமையை எடைபோடும் வேலையைப் புலவர்களிடமே விட்டுவிடுவதுதான் முறை என்று அன்றைய உச்ச நீதிமன்றம் கருதியது. அளவுகோல் பல்கலைக்கழகத்தின் கையில் இருந்தது.

அது அங்கேயே இருக்கவில்லை. இந்திய அரசியல் சட்டத்தின் ஏழாவது அட்டவணையில், ஒன்றியப் பட்டியலின் 66-ஆம் பதிவு, உயர்கல்வி நிலையங்களின் தரத்தை ஒருங்கிணைத்து உறுதி செய்யும் அதிகாரத்தை நாடாளுமன்றத்துக்கு அளிக்கிறது. அதன் வழியே 1956-இல் பல்கலைக்கழக மானியக் குழுச் சட்டம் இயற்றப்பட்டது. அச்சட்டத்தின் 26-ஆம் பிரிவு, ஆசிரியராக நியமிக்கப்படுவோருக்குச் ‘சாதாரணமாக’ இருக்க வேண்டிய தகுதிகளை வரையறுக்கும் விதிகளைக் குழு செய்யலாம் என்கிறது. ‘சாதாரணமாக’ என்ற அந்த ஒரு சொல்லைச் சட்டம் வகுத்தோர் எத்துணை எண்ணி இட்டனரோ, அச்சொல்லைச் சுற்றிப் பின்னாளில் வழக்கறிஞர்கள் பக்கம் பக்கமாக வாதாடினர். கல்வி மாநிலப் பட்டியலில் இருந்தவரை இந்த இழுபறி ஒருவகையில் நின்றது. 1976-ஆம் ஆண்டின் 42-ஆவது திருத்தம் கல்வியைப் பொதுப்பட்டியலுக்கு மாற்றியபின் மாநிலத்தின் பிடி தளர்ந்தது.

மலேசியாவில் இத்தகைய போட்டிக்கு இடமில்லை. கூட்டரசு அரசமைப்பில் கல்வி மத்திய அரசுக்குரியது. 1971-ஆம் ஆண்டின் பல்கலைக்கழகங்கள், பல்கலைக்கழகக் கல்லூரிகள் சட்டமும் அவ்வாறே. அங்கே உயர்கல்வி பற்றி எழுந்த பெருவழக்கு மெர்டேக்கா பல்கலைக்கழக வழக்கு. சீனமொழிப் பல்கலைக்கழகம் ஒன்றை நிறுவ அனுமதி மறுக்கப்பட்டதை எதிர்த்த அவ்வழக்கு 1981-இல் உயர் நீதிமன்றத்திலும், 1982-இல் கூட்டரசு நீதிமன்றத்திலும் தோற்றது. ஆசிரியர் யார் என்பதைவிட, எம்மொழியில் கற்பிப்பது என்பதே அங்கே வழக்கின் உயிர்நாடியாயிற்று. இந்தியாவில் மொழிப்போர்கள் தெருவில் நடந்தன. ஆசிரியர் தகுதிப் போர்கள் நீதிமன்றத்தில் நடந்தன எனலாம்.

1980-களில் இந்தியப் பல்கலைக்கழகங்கள் வழங்கிய முதுகலைப் பட்டங்கள் ஒன்றோடொன்று ஒப்பிட முடியாதனவாய்ப் பெருகின. ஒரு பல்கலைக்கழகத்தில் 55 மதிப்பெண் பெறுவது அரிது. மற்றொன்றில் 70 பெறுவதும் எளிது. ஆசிரியர் ஊதியத்தை உயர்த்துவதோடு, நாடு முழுமைக்கும் ஒரே தேர்வு வைத்து வடிகட்ட வேண்டும் என்னும் கருத்து வலுப்பெற்றது. 1989-இல் தேசியத் தகுதித் தேர்வு, அதாவது மாணவர்கள் ‘நெட்’ என்று வழங்கும் தேர்வு, தொடங்கியது. 1991-ஆம் ஆண்டு செப்டம்பர் 19-ஆம் நாள் மானியக் குழு வெளியிட்ட விதிகள், விரிவுரையாளர் ஆக விரும்புவோர் முதுகலையில் 55 விழுக்காடு பெறுவதோடு இத்தேர்விலும் தேற வேண்டும் என்றன. மாநில அளவில் ‘ஸ்லெட்’ தேர்வும் பின்னர் ஏற்கப்பட்டது.

தில்லிப் பல்கலைக்கழகம் இதற்கு இசையவில்லை. நூற்றுக்கணக்கில் ஆசிரியர்களைத் தெரிந்தெடுத்துப் பழகிய தனக்கு, வெளியார் நடத்தும் தேர்வொன்று வாயிற்காப்போனாக வருவதை அது விரும்பவில்லை போலும். தில்லி உயர் நீதிமன்றம் விதிகள் கட்டாயமானவை எனத் தீர்ப்பளித்ததை எதிர்த்து அது உச்ச நீதிமன்றம் சென்றது. 1994-ஆம் ஆண்டு செப்டம்பரில் ராஜ் சிங் வழக்கு என்னும் பெயரால் அறியப்படும் தீர்ப்பு வந்தது. ஒரு தேர்வு வைப்பது தரத்தைச் சமப்படுத்தும் அதிகாரத்துக்கு உட்பட்டதே என நீதிமன்றம் கூறியது. தேர்வில் தேறியோருள் எவரை அமர்த்துவது என்பது பல்கலைக்கழகத்தின் உரிமையே. வாயிற்கதவை மட்டுமே குழு அமைக்கிறது, வீட்டுக்குள் எவரை உட்கார வைப்பது என்று அது சொல்லவில்லை என்பது அத்தீர்ப்பின் சாரம்.

ஆனால் தீர்ப்பின் இறுதிப் பகுதிதான் சுவையானது. விதியை மீறினால் என்ன நேரும்? சட்டத்தில் சொல்லப்பட்ட விளைவு, மானியத்தை நிறுத்திவைப்பது. ஆகவே, பல்கலைக்கழகத்தின்முன் மூன்று வழிகள் உள்ளன என நீதிமன்றம் காட்டியது. விதியை ஏற்று நடக்கலாம். குழுவின் முன்னனுமதி பெற்று விலக்குக் கேட்கலாம். இரண்டையும் செய்யாமல், தக்க காரணம் காட்டத் தவறினால் மானியத்தை இழக்கும் நிலைக்கு ஆளாகலாம். பணம் கொடுப்பவன் சொல்வதைப் பணம் வாங்குபவன் கேட்க வேண்டும் என்னும் பழைய நியாயத்தை இதைவிட நாகரிகமாகச் சொல்லிவிட முடியாது. அளவுகோல் அன்றைக்கே மானியப் பையோடு சேர்ந்து புதுதில்லிக்குச் சென்றுவிட்டது.

அளவுகோல் இடம்மாறியதோடு நின்றிருந்தால் பலர் துன்புற்றிருக்க மாட்டார்கள். அது அடிக்கடி தன் நீளத்தையும் மாற்றிக்கொண்டது. எம்.ஃபில். பட்டம் பெற்றவருக்கும் டாக்டர் பட்ட ஆய்வேடு கொடுத்தவருக்கும் நெட் தேர்விலிருந்து விலக்கு உண்டு என்றனர். அதற்கு முதலில் 1993-ஆம் ஆண்டின் இறுதி நாளைக் கெடுவாக வைத்தனர். பிறகு கெடுவை நகர்த்தினர். 2006-இல் டாக்டர் பட்டம் பெற்றோருக்கு முழு விலக்கும், எம்.ஃபில். பெற்றோருக்கு இளங்கலை வகுப்புகளுக்கு மட்டும் விலக்கும் அளித்தனர். இந்த விதிகளை நம்பித் தமிழகத்தின் கல்லூரி நகரங்களில் ஆயிரக்கணக்கானோர் எம்.ஃபில். படித்தனர். மதுரையிலும் திருச்சியிலும் கோவையிலும் ஒரு குடும்பத்தின் நகை அடகுக் கடைக்குச் சென்று எம்.ஃபில். கட்டணமாக மாறிய கதைகள் கொஞ்சமல்ல.

தமிழக வழக்குகளுள் அஞ்சல்வழிக் கல்வியைத் தொட்டது ஒன்று உண்டு. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் திறந்தநிலை முறையில், இளங்கலைப் பட்டம் இல்லாதவருக்கும் நேராக முதுகலைப் பட்டம் வழங்கிவந்தது. தமிழ்நாடு அரசின் திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தின் முதல்வர் பதவிக்கு அத்தகைய பட்டம் பெற்ற ஒருவர் வந்தபோது, அவருடைய தகுதி வழக்காயிற்று. 2009-ஆம் ஆண்டு பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், முதற்பட்டம் பெறாமல் பெற்ற முதுகலைப் பட்டம் மானியக் குழுவின் 1985-ஆம் ஆண்டு விதிகளுக்கு முரணானது, ஆகவே செல்லாது எனத் தீர்த்தது. பல்கலைக்கழகம் தந்த பட்டம், பல்கலைக்கழகத்தின் முத்திரை பொறித்த பட்டம், எனினும் செல்லாது. அடித்தளம் இடாமல் மாடி கட்டுவதை ஒப்புக்கொள்ள முடியாது என்னும் நியாயத்தை மறுப்பதற்கில்லை. ஆயினும் அம்மாடியில் குடியேறியவர்கள் கட்டடக்காரனின் சொல்லை நம்பியவர்களே. பட்டம் செல்லாமற்போனால் அதன் இழப்பு முழுவதும் மாணவன் தலையில் விழுகிறது. வழங்கியவருக்கு வந்தது கண்டனம் மட்டுமே. அயல்நாட்டிலிருந்து தொலைநிலையில் படித்தோர் இவ்வழக்கை நன்கு கவனித்திருக்க வேண்டும்.

அதே 2009-ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் இவ்வரலாற்றின் கடுமையான திருப்பம் நேர்ந்தது. டாக்டர் பட்ட ஆய்வுக்கெனப் புதிய நடைமுறை விதிகளை மானியக் குழு வெளியிட்டது: நுழைவுத் தேர்வு, பாடவகுப்பு, ஆய்வேட்டுக்குமுன் கட்டுரை வெளியீடு எனப் பல கட்டளைகள். அவ்விதிகளின்படி டாக்டர் பட்டம் பெற்றவருக்கு மட்டுமே இனி நெட் தேர்விலிருந்து விலக்கு என்றும் ஆசிரியர் தகுதி விதி திருத்தப்பட்டது. 2009-க்கு முன்பு டாக்டர் பட்டம் பெற்றவர் நிலை என்ன? அவர் ஆய்வு செய்த காலத்தில் புதிய விதியே பிறக்கவில்லை. பிறக்காத விதிக்கு அவர் எவ்வாறு கட்டுப்பட்டிருக்க முடியும்? ஐந்தாறு ஆண்டுகள் நூலகத்திலும் ஏட்டுச் சுவடி அறைகளிலும் கழித்தவர், நாற்பதை நெருங்கும் வயதில், இருபத்திரண்டு வயது இளைஞரோடு ஒரே பலகையில் அமர்ந்து மீண்டும் தகுதித் தேர்வு எழுத வேண்டியதாயிற்று.

மானியக் குழுவே இது முறையன்று என்று எண்ணியது என்பது பலர் அறியாத செய்தி. 2010-இல் குழு கூடி, பழைய டாக்டர் பட்டதாரிகளுக்கு இத்திருத்தம் பொருந்த வேண்டியதில்லை எனத் தீர்மானித்தது. மத்திய அரசு அத்தீர்மானத்தை ஏற்க மறுத்தது. மானியக் குழுச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு, தேசிய நோக்கம் தழுவிய கொள்கை வினாக்களில் மத்திய அரசு இடும் கட்டளைக்குக் குழு கட்டுப்பட வேண்டும் என்கிறது. அந்தப் பிரிவை அரசு கையில் எடுத்தது. புதுதில்லிக்குச் சென்ற அளவுகோல், புதுதில்லியிலேயே ஒரு கட்டடத்திலிருந்து மற்றொரு கட்டடத்துக்கு மாறியது.

நாடெங்கும் வழக்குகள் எழுந்தன. சென்னை, தில்லி, இராஜஸ்தான் உயர் நீதிமன்றங்கள் திருத்தம் செல்லும் என்றன. அலகாபாத் உயர் நீதிமன்றம் மட்டும் 2012-இல், பழைய டாக்டர் பட்டதாரிகளை இத்திருத்தம் தொடாது என்று ஆறுதல் கூறியது. எல்லாம் ஒருசேர உச்ச நீதிமன்றத்துக்குச் சென்று, பி. சுசீலா வழக்கு என்னும் தலைப்பில் 2015-ஆம் ஆண்டு மார்ச் 16-ஆம் நாள் முடிவு கண்டன. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி ரோகின்டன் நாரிமன்.

வழக்குத் தொடுத்தோரின் வாதங்களை நீதிமன்றம் ஒவ்வொன்றாக எடுத்து விலக்கியது. பணியில் அமர்ந்த பின்னர்தான் ஒருவருக்கு உரிமை பிறக்கிறது. தகுதி பெற்றுக் காத்திருப்பவரிடம் இருப்பது எதிர்பார்ப்பு மட்டுமே. ஆகவே பின்னோக்கிப் பாயும் விதி என்ற குற்றச்சாட்டு நில்லாது. எதிர்பார்ப்பு நியாயமானதே என்றாலும், தகுதியில் சிறந்தோர் கற்பிக்க வர வேண்டும் என்னும் பொதுநலத்தின்முன் அது வழிவிட வேண்டும். புதிய விதியின்படி ஆய்ந்தவரையும் பழைய முறையில் ஆய்ந்தவரையும் வேறு வேறாக நடத்துவது சமத்துவத்துக்கு முரணன்று. இரு முறைகளும் வேறானவை. மத்திய அரசின் கட்டளை குழுவைக் கட்டுப்படுத்தும். இவற்றைக் கூறி, அலகாபாத் தீர்ப்பையும் உச்ச நீதிமன்றம் நீக்கியது.

சட்ட நுணுக்கம் அறிந்தோர் இத்தீர்ப்பில் குறைகாண்பது கடினம். பழைய முறையில் வழங்கப்பட்ட டாக்டர் பட்டங்களுள் பல, மேற்பார்வையாளரின் தயவிலும் தேர்வாளரின் தாராளத்திலும் பிறந்தவை என்பதைக் கல்வியுலகம் அறியும். மாணவனுக்கும் ஓர் உரிமை உண்டு. தகுதியற்றவர் முன்னே அமர்ந்து அவன் தன் இளமையைச் செலவிட வேண்டியதில்லை. ஆனால், ‘உனக்கு இருந்தது எதிர்பார்ப்புதான், உரிமையன்று’ என்று சொல்லப்படுவதைக் கேட்டவர், அந்த எதிர்பார்ப்பை வளர்த்தது அரசின் சொந்த விதியே என்பதை எப்படி மறப்பார்? 2006-இல் அரசாங்கமே திறந்துவிட்ட கதவு அது. அவ்வாறு வெளியே நின்றவர்களில் பலர் கல்லூரிகளில் கௌரவ விரிவுரையாளர் என்ற பெயரில், தொகுப்பூதியத்துக்கு, அதே பாடத்தை அதே மாணவருக்கு நடத்திக்கொண்டிருந்தனர். நிரந்தரப் பதவிக்குத் தகுதியற்றவர் எனப்பட்டவர், குறைந்த கூலிக்கு மட்டும் எவ்வாறு தகுதியுடையவர் ஆனார் என்பதற்கு எந்த விதியும் விடை கூறவில்லை.

சுசீலா தீர்ப்புக்கு ஐந்து நாள் முன்னர், மார்ச் 11-ஆம் நாள், அதே உச்ச நீதிமன்றத்தின் மற்றோர் ஆயம் வேறு திசையில் ஒரு தீர்ப்பு வழங்கியிருந்தது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக நியமிக்கப்பட்ட கல்யாணி மதிவாணனின் தகுதி பற்றியது அவ்வழக்கு. துணைவேந்தர் ஆவோர் பேராசிரியராகப் பத்தாண்டு பணியாற்றியிருக்க வேண்டும் என்பது மானியக் குழுவின் 2010-ஆம் ஆண்டு விதி. 1965-ஆம் ஆண்டின் பல்கலைக்கழகச் சட்டமோ அப்படிக் கேட்கவில்லை. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2014 ஜூனில் நியமனத்தை நீக்கியது. உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. குழுவின் விதி மத்தியப் பல்கலைக்கழகங்களைக் கட்டுப்படுத்தும். மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கோ, மாநில அரசு ஏற்றுக்கொண்டாலன்றி, அது வழிகாட்டியே என்றது. இளம் விரிவுரையாளருக்கு விதி இரும்புச் சங்கிலி. துணைவேந்தருக்கு அது நூலிழை. இரண்டு வழக்குகளின் சட்ட அடிப்படைகள் வேறு என்று வழக்கறிஞர் விளக்குவர், விளக்கம் சரியானதே. எனினும், ஒரே வாரத்தில் இரண்டையும் செய்தித்தாளில் படித்த கௌரவ விரிவுரையாளர் என்ன எண்ணியிருப்பார் என்பதை ஊகிப்பது கடினமன்று. அந்த நூலிழையும் பின்னர் முறுக்கேறியது. குஜராத் பல்கலைக்கழகம் ஒன்றைப் பற்றிய வழக்கிலும் கேரளத் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கிலும், 2022-ஆம் ஆண்டில், குழுவின் விதிகளுக்கு மாறான துணைவேந்தர் நியமனம் செல்லாது என உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது.

வழக்கில் தோற்றோருக்கு ஆறுதல் வந்தது நீதிமன்றத்துக்கு வெளியே. 2016-இல் மானியக் குழு மீண்டும் விதியைத் திருத்தியது. 2009-க்கு முன் பதிவு செய்து டாக்டர் பட்டம் பெற்றவருக்கு ஐந்து நிபந்தனைகளோடு விலக்கு அளிக்கப்பட்டது. முறையான வழியில் பெற்ற பட்டமாக இருக்க வேண்டும். வெளித் தேர்வாளர் இருவரேனும் ஆய்வேட்டை மதிப்பிட்டிருக்க வேண்டும். வாய்மொழித் தேர்வு பலர் அறிய நடந்திருக்க வேண்டும். இரண்டு ஆய்வுக் கட்டுரைகள் வெளிவந்திருக்க வேண்டும். கருத்தரங்குகளில் இருமுறை கட்டுரை படித்திருக்க வேண்டும். இந்த ஐந்தும் நியாயமான கேள்விகள். இவற்றை 2009-லேயே கேட்டிருந்தால் ஏழு ஆண்டு வழக்கும், அவ்வழக்கில் கரைந்த இளமையும் மிஞ்சியிருக்கும். வயது வரம்பைத் தாண்டியவருக்கு 2016-இன் திருத்தத்தால் என்ன பயன்?

அதற்கப்பாலும் அளவுகோல் ஓய்ந்திருக்கவில்லை. 2018-ஆம் ஆண்டு விதிகள், 2021 ஜூலை முதல் பல்கலைக்கழகத் துறைகளில் உதவிப் பேராசிரியர் ஆவதற்கு டாக்டர் பட்டம் கட்டாயம் என்றன. கொள்ளைநோய்க் காலத்தைக் காரணமாகக் கொண்டு அந்நாள் 2023 ஜூலைக்குத் தள்ளிவைக்கப்பட்டது. அந்த ஜூலை வந்தபோது கட்டாயமே நீங்கியது; நெட், செட், ஸ்லெட் ஆகிய தேர்வுகளுள் ஒன்று போதும், டாக்டர் பட்டம் விருப்பத்துக்குரியது என்று விதி மாறிற்று. இடைப்பட்ட ஐந்தாண்டில், கட்டாயம் வருகிறது என்று அஞ்சி அவசர அவசரமாக ஆய்வுக்குப் பதிவு செய்தோர் கணக்கில் அடங்கார். பலருடைய நம்பிக்கையாக விளங்கிய எம்.ஃபில். பட்டமோ, 2022 நவம்பரில் வந்த புதிய ஆய்வு விதிகளால் அடியோடு நிறுத்தப்பட்டது.

2025-ஆம் ஆண்டு ஜனவரியில் குழு மற்றுமொரு வரைவை வெளியிட்டது. முதுகலையில் ஒரு பாடம் படித்தவர், வேறொரு பாடத்தில் நெட் தேறினால் அப்பாடத்தையே கற்பிக்கலாம் என்றது அவ்வரைவு. கல்வித்துறைக்கு வெளியே தொழில்துறையிலும் நிருவாகத்திலும் இருந்தோர் துணைவேந்தர் ஆகவும் அது வழிவகுத்தது. துணைவேந்தரைத் தேடும் குழுவை அமைப்பதில் மாநில அரசுக்கு இருந்த இடத்தையும் அது சுருக்கியது. வரைவு வெளியான சில நாட்களில், ஜனவரி 9-ஆம் நாள், தமிழ்நாடு சட்டமன்றம் அதைத் திரும்பப் பெறுமாறு மத்திய அரசைக் கேட்டுத் தீர்மானம் நிறைவேற்றியது.